ஆறுதலா விடும்

என்ர வேலை கொழுவுறது. ஒஸ்லோவில ஒரு சரக்கு யார்டில எஞ்சினையும் பெட்டிகளையும் ஒண்டோட ஒண்டு கொழுவி, பிறேக் பாத்து, "சரி, இழு" எண்டு வயர்லெஸ்ஸில சொல்லுற ஆள் நான். எங்கட ஆக்கள் சண்டை பிடிக்கிறதையும் கொழுவுறது எண்டுதான் சொல்லுவினம். என்ர மனிசி ரெண்டையும் சேர்த்து, "உங்களுக்குச் சம்பளம் தாறதே கொழுவுறதுக்குத்தானே, பிறகேன் வீட்டில ஓசியில செய்யிறியள்" எண்டு கேப்பா. கேக்கட்டும். நான் கோவக்காரன்தான், அதை ஒளிச்சு எனக்கு ஒண்டும் ஆகப்போறதில்லை.

கோவம் வராமல் இருக்க நான் என்ன மரமோ. இந்த நாட்டுக்கு வந்து முதல் செய்த வேலை ரயில் பெட்டி கழுவுறது. வெள்ளிக்கிழமை இரவு குடிச்சவை வாந்தியெடுத்து வைச்ச சத்தியைச் சனிக்கிழமை காலமை சுரண்டினனான். பிறகு மொழி படிச்சு, நரை விழுந்த தலையோட, மீசை முளைக்காத பெடியளுக்குப் பக்கத்தில இருந்து தொழில் படிச்சு, தண்டவாளத்தில இறங்கி வேலை செய்யிற அனுமதி அட்டை எடுத்தனான். அந்த அட்டை கழுத்தில தொங்கினால்தான் நான் யார்டில ஒரு ஆள். அதைக் கழட்டினால் திரும்பவும் வாளியும் துடைப்பமும்தான். இந்த வயசில எனக்கு வேற ஆர் வேலை தரப்போகினம்? இதை முதலிலேயே சொல்லிவைக்கிறன். பிறகு நடந்த கொழுவல் முழுக்க அந்த அட்டையில வந்துதான் நிண்டது.

கொஞ்சக் காலத்துக்கு முந்தி எங்கட கொம்பனி சீனாவில செய்த மின்சார எஞ்சின் ஒண்டைப் பரீட்சிச்சுப் பாக்க எண்டு இறக்கினது. மலைப் பாதைக்கெண்டே கட்டின எஞ்சின். நோர்வேயிலயும் மலைக்குக் குறைவில்லை. பாரமான சரக்கோட ஏறேக்க எங்கட பழைய எஞ்சினுகள் மூச்சு வாங்குது. இது சரிவந்தால் இன்னும் வாங்கலாம் எண்டு மேலிடத்துக்கு ஒரு யோசினை. கப்பலில வந்து, இழுபட்டு, ஒரு மழைநாளில யார்டுக்கை வந்து நிண்டது. ரெண்டு எஞ்சினை முதுகோட முதுகு ஒட்டின மாதிரி அவ்வளவு நீளம்.

பொய் சொல்லக்கூடாது, நல்ல எஞ்சின். ஒவ்வொரு அச்சுக்கும் தனித்தனி மோட்டர். சக்கரம் வழுக்கத் தொடங்கினால் சாரதிக்குத் தெரியிறதுக்கு முதலே தானே மணல் தூவிப்போடும். ஏத்தத்தில இழுக்கிற அதே மோட்டர் இறக்கத்தில பிடிச்சுக்கொண்டு நிக்கும். அப்பிடிப் பிடிக்கேக்க வாற மின்சாரத்தை மேல போற கம்பிக்கே திருப்பிக் குடுக்கும். இறங்கிற ரயில் ஏறுற ரயிலுக்குச் சோறு போடுற மாதிரி. சாரதி இருக்கிற அறையில ஒட்சிசன் குழாய் பூட்டுறதுக்கு ஒரு துவாரம்கூட இருந்தது. மூச்சு முட்டுற உயரத்தில ஓட்டுற ஆளுக்கு வைச்சது. எங்கட யார்டில ஆரோ அதுக்கை பேனையைச் செருகி வைச்சிருந்தினம். சீன எழுத்து இருக்கிற இடமெல்லாம் அதுக்கு மேல நோர்வேஜியனில ஸ்டிக்கர் ஒட்டியிருந்தது, பாதி கோணலா.

எஞ்சினில எனக்கு ஒரு குறையும் இல்லை. அதோட வந்த ஆள்தான் பிரச்சினை.

தமிழ்நாட்டுக்காரன். முப்பது தாண்டியிருக்கும். சீனாவில அந்த எஞ்சின் செய்த தொழிற்சாலையில வேலை செய்து, அதின்ர பிறேக் ஏற்பாடுகளைக் கரைச்சுக் குடிச்சவன். எஞ்சினை எங்களுக்குப் பழக்கிவிட எண்டு அவனை அனுப்பியிருந்தினம். எங்கட மேலாளர், நாங்கள் ஷெஃப் எண்டுதான் சொல்லுறது, அவனைத் தோளில பிடிச்சுக் கூட்டிக்கொண்டு வந்து, "உனக்கு ஒரு பரிசு, உன்ர மொழிக்காரன்" எண்டு என்ர முன்னால நிப்பாட்டினார். நானும் மரியாதைக்கு, "வாரும் தம்பி, எப்ப வந்தனீர், இருக்க இடம் கிடைச்சதோ" எண்டு கேட்டன். அவன் என்னை ஒருக்கா மேலயும் கீழயும் பாத்துப்போட்டு, "சார், நீங்க கேரளாவா?" எண்டான்.

கேரளாவாம். பிறந்த நாள் தொட்டுத் தமிழைத் தவிர வேற மொழி வீட்டில கதைக்காதவன் நான். திருகோணமலையான். அந்தத் தமிழைக் கதைச்சதுக்காகவே ஊரை விட்டு ஓடி வந்தவன். எனக்கு உச்சியில ஏறினது. "நான் தமிழ், நீர் என்ன?" எண்டு கேட்டன். அவனுக்கு அது நக்கல் எண்டுகூட விளங்கேல்லை. "நானும் தமிழ்தான் சார்" எண்டு பல்லைக் காட்டினான். ஷெஃப் ரெண்டு பேரும் சிரிச்சுக் கதைக்கிறம் எண்டு நினைச்சு, திருப்தியாப் போயிட்டார். வேலியில போன ஓணானை எடுத்து என்ர மடியில கட்டினது அந்த மனிசன்தான்.

அதுக்குப் பிறகு ஒவ்வொரு நாளும் ஏதாவது ஒண்டு. நான் "நீர்" எண்டு கதைச்சால் அவனுக்குச் சிரிப்பு. "ராஜா வேஷம் கட்டின மாதிரி இருக்கு சார்" எண்டுவான். எங்கட நாட்டில பலகையில எழுதியிருக்கிறதே புகையிரத நிலையம் எண்டுதான். நான் ஒருநாள் வாய் தவறிப் புகையிரதம் எண்டு சொல்ல, அவன் மேல போற கம்பியைக் காட்டி, "புகையே இல்லையே சார், எல்லாம் கரண்ட்டுதானே" எண்டான். நானும் விடேல்லை. "'ட்ரெயின் லேட்டா ஸ்டார்ட் ஆச்சு' எண்டு கதைக்கிற உங்கட தமிழில தமிழ் எங்கை இருக்கு, 'ஆச்சு' மட்டும்தானே" எண்டு கேட்டன். அதுக்கு அவன், "எங்க அப்பா தமிழ் வாத்தியார் சார்" எண்டான், என்னவோ தமிழையே அவன்ர அப்பர்தான் பெத்த மாதிரி.

ஒருநாள் பின்னேரம் வேலை முடிய, கன்ரீனில எல்லாரும் எழும்ப, நானும் எழும்பி, "வெளிக்கிடுவமோ?" எண்டு கேட்டன். புறப்படுவமோ எண்டதை நாங்கள் அப்பிடித்தான் கேக்கிறது. அவன் குடிச்ச கோப்பி மூக்கால வந்தது. மேசையில குப்புற விழுந்து சிரிச்சான். நோர்வேக்காரர் என்ன பகிடி எண்டு கேக்க, அவன் இங்கிலிசில விளங்கப்படுத்தினான். அவங்கட ஊரில வெளிக்குப் போறது எண்டால் கக்கூசுக்குப் போறதாம். நான் தன்னை அதுக்கு ஒண்டா வரச் சொல்லிக் கூப்பிட்டனாம். முழுக் கன்ரீனும் சிரிச்சது. நான் ஹொல்ம்லியாவில இருக்கிற வீட்டை ரயிலில போற வழி முழுக்க யன்னலைப் பாத்து அவனைத் திட்டிக்கொண்டு போனன். எதிரில இருந்த ஒரு பொம்பிளை எழும்பி வேற இருக்கைக்குப் போயிட்டா.

வேலை எண்டு வந்தால் அவனில பிழை சொல்ல ஏலாது. அதுதான் இன்னும் எரிச்சல். ஒரு சோம்பேறியை வெறுக்கிறது சுகம். இவன் மழையில எஞ்சினுக்குக் கீழ படுத்துக் கிடந்து ஒவ்வொரு வால்வையும் தொட்டுத் தொட்டுப் பாப்பான். கேட்டதுக்குப் பதில் சொல்லுவான், தெரியாட்டித் தெரியாது எண்டுவான். வாயைத் திறந்து தமிழ் கதைக்காத நேரம் அருமையான பெடியன்.

யார்டில ஒரு சட்டம் இருக்கு. வயர்லெஸ்ஸில நோர்வேஜியன் மட்டும்தான். ஆனால் அவனுக்கு நோர்வேஜியனில நன்றியும் காலை வணக்கமும் மட்டும்தான் தெரியும். என்ர இங்கிலிஸ் அவசரத்துக்கு வராது. நான் போய் ஷெஃபிட்டை, இது சரிவராது, நோர்வேஜியன் தெரிஞ்ச வேற ஆளை அவனோட விடுங்கோ எண்டு சொன்னனான். அவர் கோப்பிக் கோப்பையோட நிண்டபடி, "உங்க ரெண்டு பேருக்கும் ஒரே மொழிதானே, அதிலயே கதையுங்கோ" எண்டார். அந்த வசனத்தை என்ர காதால கேட்டனான். எழுத்தில தாங்கோ எண்டு கேக்கேல்லை. வாய்ச்சொல்லை நம்புறது எங்கட ஊர்ப் பழக்கம்.

அந்த நாள் வந்தது. யார்டின்ர ஒரு ஓரத்தில சரிவான லைன் ஒண்டு இருக்கு. எஞ்சின் கீழ்ப் பக்கம், கல்லு நிரப்பின பெட்டிகள் மேல் பக்கம். எஞ்சின் தன்ர பிறேக்கைப் பிடிச்சுக்கொண்டு நிக்கும். பெட்டிகளின்ர பிறேக்கை மட்டும் கொஞ்சம் கொஞ்சமா விடவேணும். அப்பதான் பாரம் மெள்ள மெள்ள வந்து எஞ்சினில சாயும். ஒரேயடியா விட்டால் முழுப் பாரமும் ஒண்டா வந்து இடிக்கும். சீன எஞ்சினுக்குக் கொக்கி வேற மாதிரி, எங்கட பெட்டிக்கு வேற மாதிரி. அதால நடுவில ஒரு இணைப்புத் துண்டு போட்டிருந்தது. அவன் எஞ்சினுக்கை சாரதி அறையில கைப்பிடியோட, நான் தரையில அந்தத் துண்டுக்குப் பக்கத்தில.

இன்னொண்டும் சொல்லவேணும். அந்த எஞ்சினில ஒரு தானியங்கி ஏற்பாடு இருக்கு. அதைப் போட்டுவிட்டால் கைப்பிடியை முழுக்கத் தள்ளினாலும் பரவாயில்லை, எஞ்சின் தானே அளந்து அளந்து பிறேக்கை விடும். அண்டைக்குக் காலமை அதை நிப்பாட்டி வைச்சிருந்தது. கையால விடுறதைத்தான் பரீட்சிக்கிறது. அது நிப்பாட்டினது எனக்குத் தெரியும். அவனுக்கும் சொல்லியிருப்பினம் எண்டு நான் நினைச்சன்.

நான் வயர்லெஸ்ஸை எடுத்து, "பெட்டிப் பிறேக்கை ஆறுதலா விடும்" எண்டன். சத்தம் இல்லை. திருப்பியும், "ஆறுதலா விடும், ஆறுதலா விடும்" எண்டன்.

எங்கட ஆக்களுக்கு இதில விளங்கிறதுக்கு ஒண்டும் இல்லை. ஆறுதலா எண்டால் மெதுவா. விடும் எண்டால் நீர் விடும். சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அவன் கைப்பிடியை முழுசாத் தள்ளினான்.

சத்தம் நெஞ்சுக்கை கேட்டது. கல்லுப் பெட்டிகள் எல்லாம் ஒண்டா இறங்கி வந்து எஞ்சினை இடிச்சுது. இணைப்புத் துண்டு ரெண்டாப் பிளந்து, ஒரு பாதி என்ர சப்பாத்துக்குப் பக்கத்தில வந்து சரளைக் கல்லுக்கை குத்தி நிண்டது. எஞ்சின்ர முகத்தகடு உள்ள போயிட்டுது. ஒருத்தருக்கும் ஒண்டும் இல்லை. நான் அந்தத் துண்டைப் பாத்தபடியே நிண்டன்.

அவன் ஏணியால இறங்கி ஓடி வந்தான்.  வந்தவன் கேட்ட கேள்வியை நான் சாகும் வரைக்கும் மறக்கமாட்டன். "சார், 'ஆறுதலா விடும்'னா அதுவே விட்டுரும்னுதானே அர்த்தம்? ஆட்டோல போட்டிருக்கு, பயப்படாத, அதுவே விட்டுரும்னு நீங்க எனக்கு ஆறுதல் சொல்றீங்கன்னு நெனச்சேன்."

ஆறுதல் சொன்னனாம். நான், அவனுக்கு. இத்தினை மாசமா அவன்ர முகத்தைக் கண்டாலே வயிறு எரியிற நான், தண்டவாளத்தில நிண்டு அவனுக்கு ஆறுதல் சொன்னனாம். "விசரா, நான் என்ன செத்தவீட்டுக்கோ வந்தனான்" எண்டு கத்தினன். வயர்லெஸ் நிப்பாட்டியிருந்தது. அதைக் கேட்டது அவனும் நானும்தான்.

அண்டைக்கே என்ர அட்டையை வாங்கிப்போட்டினம். விசாரணை முடியும் வரைக்கும் வீட்டில நிக்கச் சொல்லிச்சினம். நான் சொன்னது பிழையான கட்டளை எண்டு வந்தால் அட்டை திரும்பி வராது. அவன் கேட்டும் கேக்காமல் செய்தான் எண்டு வந்தால் அவனுக்கு வேலை போகும், அந்த வேலையோட சேர்த்துத்தான் அவனுக்கு இஞ்சை இருக்க விசா. ரெண்டில ஒண்டு. அவன் செய்யவேண்டியது மிச்சம் சுகம். யார்டில என்னைக் கேட்ட அதே கேள்வியை அங்கை வந்து சொன்னால் போதும். "இவர் தமிழ் எனக்குப் புரியல" எண்டு ஒரு வசனம். அது பொய்யுமில்லை.

வீட்டில நிண்ட நாளெல்லாம் அந்த வசனத்தை அவன் சொல்லுறதை நான் கேட்டுக்கொண்டே இருந்தன். சாப்பிடேக்க கேட்டன், படுக்கேக்க கேட்டன். ஹொல்ம்லியாவில மரக்கறிக் கடைக்குப் போனால், என்ன அண்ணை வேலை இல்லையோ எண்டு ஆக்கள் கேக்கினம். லீவு எண்டு சொல்லிப் பழகினன். மனிசி ஒருநாள், "அந்தப் பெடியனோட ஒருக்கா நல்லமாதிரிக் கதைச்சுப் பாருங்கோவன்" எண்டா. "கதைச்சதாலதான் இவ்வளவும் வந்தது" எண்டு பாய்ஞ்சன். அவனிட்டைப் போய்க் கெஞ்சுறதிலும் பாக்க வாளியைத் தூக்கலாம். அப்பிடித்தான் இருந்தது என்ர மனம்.

விசாரணை யார்டுக்கு மேல ஒரு கண்ணாடி அறையில நடந்தது. தலைமை அலுவலகத்தில இருந்து பாதுகாப்புக்குப் பொறுப்பான ஒரு பெண் வந்திருந்தா. ஷெஃப் இருந்தார். அவன் எனக்கு எதிரில இருந்தான், சேவ் எடுத்து, இஸ்திரி போட்ட சேட்டோட. அந்தப் பெண் முதல் கேட்டது, சட்டத்தை மீறி ஏன் தமிழில கதைச்சனீங்கள் எண்டு. நான் ஷெஃபைக் காட்டி, இவர்தான் சொன்னவர் எண்டன். அவர் நெத்தியைச் சுருக்கி, அப்பிடிச் சொன்னதா ஞாபகம் இல்லை எண்டார். ஞாபகம் இல்லையாம். கோப்பையில இருந்த கோப்பியின்ர நிறம்கூட எனக்கு ஞாபகம் இருக்கு. முகத்துக்கு நேர பொய் சொல்லுறவனை நான் நிறையக் கண்டிருக்கிறன், ஆனால் இவ்வளவு அமைதியாச் சொல்லுறவனை இந்த நாட்டிலதான் கண்டனான்.

யார்டு வயர்லெஸ் எல்லாம் பதிவாகும். அதைப் போட்டுக் காட்டி மொழிபெயர்க்க, தொலைபேசியில ஒரு மொழிபெயர்ப்பாளரைப் பிடிச்சிருந்தினம். ஒரு பொம்பிளைக் குரல். "வணக்கம்ங்க, நான் சொல்றது கேக்குதுங்களா?" எண்டு அவ தொடங்கினதுமே எனக்கு விளங்கிட்டுது. அவவும் தமிழ்நாடு. இத்தினை ஈழத்துச் சனம் இருக்கிற ஒஸ்லோவில இவங்களுக்கு அம்பிட்டது அவ ஒராள்.

பதிவைப் போட்டினம். என்ர குரல் அறைக்கை கேட்டது. ஆறுதலா விடும், ஆறுதலா விடும். அவ கொஞ்சம் யோசிச்சுப்போட்டு நோர்வேஜியனில சொன்னா: "அது ஆறுதலாகப் பிறேக்கை விட்டுவிடும்." ஆறுதலுக்கு அவ போட்ட சொல் த்ரொஸ்த். ஆள் செத்த வீட்டில, அழுற பிள்ளைக்குச் சொல்லுற ஆறுதல். பாதுகாப்புப் பெண் அதை எழுதினா. எழுதிப்போட்டு என்னைக் கேட்டா, "தானியங்கி நிப்பாட்டி இருக்கு எண்டு தெரிஞ்சுகொண்டும், அது தானே விடும் எண்டு ஏன் சொன்னீர்கள்?"

"நான் அப்பிடிச் சொல்லேல்லை" எண்டன். ஆறுதலா எண்டால் மெதுவா. விடும் எண்டால் கட்டளை. எங்கட தமிழ் வேற, அவையின்ர தமிழ் வேற எண்டு சொல்லிப் பாத்தன். "அப்ப தமிழ் ரெண்டு மொழியா?" எண்டு பாதுகாப்புப் பெண் கேட்டா.  ஓம் எண்டால் ஒரு மானக்கேடு, இல்லை எண்டால் வேலை போகுது. ஷெஃப் இடையில புகுந்து, "அவர்கள் ஒவ்வொரு நாளும் தமிழில்தான் கதைக்கிறவர்கள், ஒரு பிரச்சினையும் வந்ததில்லை" எண்டார். என்ர பக்கத்தில சாட்சிக்கு ஒருத்தரும் இல்லை. தொலைபேசிக் குரல், "நான் நடுநிலைங்க, கேட்டதைத்தான் சொன்னேன்" எண்டுது.

பிறகு அந்தப் பெண் அவனிட்டைத் திரும்பி இங்கிலிசில கேட்டா. அந்த வசனத்தை நீங்கள் என்னெண்டு விளங்கிக்கொண்டனீங்கள்?

அவன் நிமிந்து என்னைப் பாத்தான். நான் அவனை விட்டுக் கண்ணை எடுக்கேல்லை. சொல்லடா, சொல்லித் துலை எண்டு மனசுக்கை சொன்னன். கேரளாவா எண்டு கேட்டவன்தானே நீ. என்ர தமிழ் தமிழே இல்லை எண்டு நீ நினைக்கிறதை இப்ப எல்லாற்ர முன்னாலயும் சொல்லு. 

"மெதுவா விடுன்னு சொன்னார்" எண்டான். தமிழில சொல்லிப்போட்டு இங்கிலிசிலயும் சொன்னான். "எங்க ஊர்லயும் 'ஆற அமர'ன்னு சொல்வோம். அதே சொல்தான். எனக்குப் புரிஞ்சுது. ஆட்டோல இருக்குன்னு நானா நெனச்சுட்டேன். கை வேகமாப் போயிருச்சு."

 தொலைபேசிக் குரல், "ஆமாங்க, ஆற அமரன்னா நிதானமாங்கிற அர்த்தம்தான். அந்த அர்த்தத்துல சொல்லியிருந்தா, என் மொழிபெயர்ப்பை மாத்திக்கிறேன்" எண்டுது. பாதுகாப்புப் பெண் முதல் எழுதினதைக் கோடு போட்டு வெட்டினா. அதுக்கு மேல சக்தெ எண்டு எழுதினா. மெதுவா.

எனக்கு மூச்சு வந்தது. அட்டை வந்திட்டுது எண்டு விளங்கினது. அடுத்த கணமே கோவம் வந்தது, அதுவரை வராத கோவம். அவன் சொன்னது பச்சைப் பொய். தானியங்கியை அவனா நினைக்கேல்லை, என்ர சொல்லைக் கேட்டுத்தான் நினைச்சவன். அவனுக்கு விளங்கேல்லை எண்டது உலகத்தில அவனுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். நான் சொன்ன சொல் சரி. அது சரி எண்டு நிறுவ அவன்ர பொய் வேண்டிக்கிடந்தது. நான் வாயைத் திறக்கேல்லை. திறந்திருந்தால் வாளி.

அவன் உண்மையைச் சொல்லியிருந்தால் நான் நிம்மதியா அவனை வெறுத்துக்கொண்டு சீவிச்சிருப்பன். வாளியைத் தூக்கிக்கொண்டெண்டாலும் வெறுத்திருப்பன். அதையும் கெடுத்துப்போட்டான்.

சனி, ஞாயிறு கழிய யார்டுக்குப் போனன். கழுத்தில அட்டை. எஞ்சின் முகம் நசுங்கினபடி ஓரத்தில நிண்டது, மழைக்கு ஒரு பிளாஸ்ரிக் சீலை மூடி. கதவுப் பக்கத்தில புதுசா ஒரு அறிவித்தல்: தண்டவாளப் பகுதியில நோர்வேஜியன் மட்டுமே. ஷெஃப் என்னைக் கண்டு கையைத் தூக்கிச் சிரிச்சார். நான் சிரிக்கேல்லை.

உடுப்பு மாத்துற அறையில அவன் தன்ர அலுமாரியைக் காலியாக்கிக்கொண்டு நிண்டான். தேத்தண்ணிப் போத்தல், ஒரு சீன மொழிப் புத்தகம், காயாத கையுறை. ஒவ்வொண்டா பைக்குள்ள போட்டான். நான் வாசலில நிண்டன். உள்ள போகவும் மனமில்லை, திரும்பிப் போகவும் மனமில்லை.

"ஏன் பொய் சொன்னீர்?" எண்டு கேட்டன். கேட்ட விதம் நல்லாயில்லை, பொலிஸ்காரன் கேக்கிற மாதிரித்தான் வந்தது.

அவன் நிமிரேல்லை. "எங்க அப்பா தமிழ் வாத்தியார்னு சொல்லியிருக்கேன்ல சார். தமிழ் புரியாம ரயிலைக் கொண்டுபோய் மோத வச்சான்னு எழுத்துல வந்தா, அவர் எனக்கு வீட்டுல சோறு போட மாட்டார்." கையுறையை மடிச்சான், பிறகு அதை விரிச்சுத் திரும்பவும் மடிச்சான். "அப்புறம் அந்தத் துண்டு உங்க கால் பக்கத்துலதான் விழுந்துச்சு. நான் மேல இருந்து பார்த்துட்டுத்தான் இருந்தேன்."

 நன்றி எண்டு ஒரு சொல் இருக்கு, எனக்குத் தெரியும். நோர்வேக்காரனுக்கு ஒரு நாளைக்கு எத்தினை தரம் சொல்லுறன், கோப்பி தந்ததுக்கும் கதவைப் பிடிச்சதுக்கும். தமிழில, இவனுக்கு, அது வரேல்லை. இண்டைக்கும் எனக்கு அவனைப் பிடிக்காது. அதில மாற்றம் ஒண்டும் இல்லை. கடைசியில வாயில வந்ததைக் கேட்டன்.

"எப்ப வெளிக்கிடுறீர்?"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னனான் எண்டு உறைச்சது. கன்ரீன் முழுக்கச் சிரிச்ச சொல். சிரிப்பான் எண்டு பாத்துக்கொண்டு நிண்டன்.

அவன் சிரிக்கேல்லை. பையின்ர சிப்பை இழுத்துப் பூட்டினான். தோளில போட்டான். என்னைக் கடந்து போகேக்க ஒரு கணம் நிண்டான்.

"ஆறுதலா" எண்டான்.